மருந்தின் வடுவும் நோய்க் குறியெண்ணும்



அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்சு என்பது நம்முடைய பழமொழி. நல்ல மருந்தையும் அளவறிந்தே உண்ணவேண்டும் என்று அது எச்சரிக்கின்றது. ஆயின் அப்பழமொழி சொல்லாத செய்தி ஒன்றும் உண்டு. தக்க நோய்க்கு, தக்க அளவிலே, தேர்ந்த வைத்தியர் ஒருவர் கொடுத்த மருந்துங்கூடச் சிலருக்குத் தீங்கு செய்தல் உண்டு. அத்தீங்கு மருந்தை நிறுத்தியவுடன் நீங்காமல், ஆண்டுகள் பல சென்ற பின்னும் உடலிலே தங்கிவிடுவதும் உண்டு.

அவ்வாறு தங்கிய தீங்கினை வைத்தியசாலைப் பதிவேட்டில் எப்படி எழுதுகின்றனர்? எழுதாது விட்டால் நேரும் இழப்பு யாது? இவையே இன்றைய பேச்சின் பொருள். இது எழுதுவினைஞரின் அலுவலன்றோ, நமக்கு இதில் என்ன வேலை என்று நேயர்களிற் சிலர் எண்ணக்கூடும். பதிவேட்டிலே இடப்படும் ஒரு சிறு குறியெண் மனிதரின் செவியையும் உயிரையும் காக்க வல்லது என்பதை இப்பேச்சின் முடிவில் அவர்கள் உணர்வார்கள் என நம்புகின்றேன்.

ஒரு குழந்தையை மனத்திற் கொள்வோம். ஆறு வயதுச் சிறுமி. காசநோய் மூளையின் உறையைப் பற்றிவிட்டது. அந்நோய் கண்ட குழந்தைகள் பிழைத்தெழுவது ஒரு காலத்தில் மிக அரிதாக இருந்தது. 1943 ஆம் ஆண்டில், அமெரிக்காவின் நியூ ஜேர்சி மாநிலத்திலுள்ள ரட்கர்ஸ் கலாசாலையில், செல்மன் வாக்ஸ்மன் என்னும் பேராசிரியரின் ஆய்வுகூடத்திலே, அல்பேட் ஷட்ஸ் என்ற இளைஞர் மண்ணில் வாழும் நுண்ணுயிர் ஒன்றிலிருந்து ஸ்ரெப்ரோமைசின் என்னும் மருந்தைப் பிரித்தெடுத்தார். காசநோய்க் கிருமியை வென்ற முதலாவது நுண்ணுயிர்க்கொல்லி மருந்து அதுவே. அம்மருந்தை ஊசி மூலம் மாதக்கணக்கிலே செலுத்தியபோது, இறப்பது உறுதியென்று கைவிடப்பட்ட குழந்தைகள் பிழைத்து வீடு திரும்பினர்.

1948 ஆம் ஆண்டிலே பிரித்தானிய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் வெளியிட்ட அறிக்கை இம்மருந்தின் ஆற்றலை ஐயத்திற்கிடமின்றி நிலைநாட்டியது. நுரையீரற் காசநோய் கொண்ட 107 பேர் அந்த ஆய்விலே சேர்க்கப்பட்டனர். 55 பேருக்கு மருந்தும் படுக்கை ஓய்வும், 52 பேருக்கு ஓய்வு மாத்திரமும் அளிக்கப்பட்டன. ஆறு திங்கள் கழித்துப் பார்த்தபோது, முதற் பிரிவில் 4 பேரும் மற்றைப் பிரிவில் 14 பேரும் இறந்திருந்தனர். மருந்தின் வெற்றி தெளிவாயிற்று. ஆனால் மருந்து பெற்றவர்களிடையே தலைச்சுற்றல் கண்டதையும் அதே அறிக்கை மறையாது குறித்துவைத்தது.

அத் தலைச்சுற்றல் எங்கிருந்து வந்தது? நமது உட்செவியிலே நத்தையின் ஓடுபோற் சுருண்ட ஓர் உறுப்பு உளது. அதனை நத்தைச்சுருள் என்பர். அதனுள்ளே ஏறக்குறைய 15,000 மயிர்க்கலங்கள் வரிசையாக நின்று, வெளியிலிருந்து வரும் ஒலியைப் பெற்று நரம்புக்கு அறிவிக்கின்றன. அதன் அயலில் உள்ள அரைவட்டக் கால்வாய்கள் முதலிய உறுப்புக்களிலும் இத்தகைய கலங்கள் இருந்து உடலின் சமநிலையைக் காக்கின்றன. ஸ்ரெப்ரோமைசினும் அதன் இனத்தைச் சேர்ந்த மருந்துகளும் இம்மயிர்க்கலங்களுள் நுழைந்து அவற்றை அழிக்க வல்லன. தோல் காயப்பட்டால் மீண்டும் வளர்கின்றது. என்பு முறிந்தால் பொருந்துகின்றது. மனிதரின் நத்தைச்சுருளில் அழிந்த மயிர்க்கலமோ மீண்டும் முளைப்பதில்லை. ஆகவே மருந்து நோயைத் தீர்த்துவிட்டு நீங்கினாலும், அது செய்த கேடு ஆயுள் முழுவதும் நிலைத்துவிடுகின்றது.

இக்கேடு பெரும்பாலும் மெல்ல வருவது. உயர்ந்த சுருதியுள்ள ஒலிகளே முதலில் மறைகின்றன. பறையொலி கேட்கும், குருவியின் ஒலி கேளாது. பேச்சிலே உயிரொலிகள் கேட்கும். ச, ஸ, ஷ போன்ற ஒலிகள் தேய்ந்து மறையும். பிள்ளை பாடத்திலே கவனமில்லாதிருக்கிறாள் என்று ஆசிரியர் கடிந்துகொள்வார். சொன்ன சொற் கேளாதவள் என்று தாய் வருந்துவாள். செவியிலே குறை என்பது பின்னரே தெரியவரும். இம்மருந்தைச் சற்று மாற்றியமைத்த டைஹைட்ரோஸ்ரெப்ரோமைசின் என்பதொன்று 1946 ஆம் ஆண்டிலே ஆக்கப்பட்டது. அது தலைச்சுற்றலைக் குறைக்குமென்று எதிர்பார்த்தனர். ஆயின் அது செவிப்புலனையே தாக்கியது. சிலருக்கு மருந்தை நிறுத்திய பின்னருங்கூடச் செவிடு வந்து சேர்ந்தது. அதனால் அதனை மனிதருக்குக் கொடுக்கும் வழக்கம் கைவிடப்படலாயிற்று.

காலந்தாழ்த்தித் தோன்றும் இத்தகைய கேடுகள் வேறு மருந்துகளாலும் நேர்வன. கிளோராம்பெனிக்கோல் என்னும் மருந்து நெருப்புக்காய்ச்சலுக்குப் பெருந்துணையாக விளங்கியது. ஆயின் மிகச் சிலரிடத்திலே, மருந்து உட்கொண்டு வாரங்களோ மாதங்களோ சென்ற பின்னர், என்பு மச்சை குருதியை ஆக்கும் தொழிலையே நிறுத்திவிட்டது. ரெற்றாசைக்கிளினைச் சிறு பருவத்திலே உட்கொண்ட பிள்ளைகளுக்குப் பல் முளைக்கும்போது மஞ்சளும் கபிலமுமான கறை தோன்றியது. மருந்து கொடுத்த நாளுக்கும் கறை தெரிந்த நாளுக்கும் இடையே ஆண்டுகள் கழிந்திருந்தன.

இனி, முன்கூறிய சிறுமியிடம் மீளுவோம். அவள் பிழைத்துவிட்டாள், வளர்ந்து முப்பத்தாறு வயதுப் பெண்ணாகி, ஒரு நாள் காது வைத்தியரிடம் வருகிறாள். பதிவேட்டிலே "செவிட்டுத்தன்மை" என்று ஒரு சொல் எழுதப்படுகின்றது. சொல் மெய்தான், ஆனால் பாதி மெய். அவளது செவி ஏன் கெட்டது என்னும் மறுபாதி அங்கே இல்லை. ஆயிரம் வைத்தியசாலைகளிலே ஆயிரம் பேருக்கு இவ்வாறே எழுதினால், ஸ்ரெப்ரோமைசின் யாருக்கும் எந்தத் தீங்கும் செய்யவில்லை என்றே கணக்குக் காட்டும். நோய் தெரியும், நோயைத் தந்தது எதுவென்பது தெரியாது.

இக்குறையைப் போக்கவே நோய்களுக்கு ஒரு பொதுவான வகைப்பாடு தேவைப்பட்டது. பத்தொன்பதாம் நூற்றாண்டிலே இங்கிலாந்தின் பதிவாளர் நாயகத்தின் அலுவலகத்திற் பணியாற்றிய வில்லியம் பார் என்பவர், ஒரே நோயை வைத்தியர்கள் பல பெயர்களால் எழுதுவது கண்டு, ஒழுங்கான வகைப்பாடு வேண்டுமென வற்புறுத்தினார். 1893 ஆம் ஆண்டிலே சிக்காகோ நகரிற் கூடிய சர்வதேசப் புள்ளிவிபரக் கழகத்தின் முன், பாரிஸ் நகரத்து ஜாக் பேட்டியோன் இறப்புக் காரணங்களின் பட்டியல் ஒன்றைச் சமர்ப்பித்தார். அப்பட்டியல் காலத்துக்குக் காலம் திருத்தப்பட்டு வந்தது. 1948 ஆம் ஆண்டிலே உலக சுகாதார தாபனம் அதன் ஆறாந் திருத்தத்தை ஏற்றுக்கொண்டபோது, இறந்தோரின் கணக்கோடு உயிருடன் இருக்கும் நோயாளரின் கணக்கும் அதிற் சேர்க்கப்பட்டது. ஸ்ரெப்ரோமைசின் ஆய்வறிக்கை வெளிவந்ததும் அதே 1948 ஆம் ஆண்டிலேதான். பத்தாந் திருத்தம் 1990 இல் ஏற்கப்பட்டது. பதினோராந் திருத்தம் 2019 இல் ஏற்கப்பட்டு 2022 ஆம் ஆண்டு சனவரி முதலாந் திகதி நடைமுறைக்கு வந்தது. எனினும் நாடுகள் பலவும் பத்தாந் திருத்தத்தையே இன்னும் கையாளுகின்றன.

இவ்வகைப்பாடு மருந்தினால் வரும் கேட்டினை இரண்டு வினாக்களால் ஆராய்கின்றது. முதலாவது வினா: மருந்து எவ்வாறு உட்சென்றது? தவறான மருந்தை உண்டாலோ, அளவு மீறினாலோ, ஒருவருக்குரியதை மற்றொருவர் அருந்தினாலோ, அதற்கு நஞ்சாதல் என்று பெயர். சரியான மருந்தைச் சரியான அளவிலே முறைப்படி கொடுத்தும் தீங்கு வந்தால், அதற்குப் பாதக விளைவு என்று பெயர். உண்டவர் படும் துன்பம் இரண்டிலும் ஒன்றாயிருக்கலாம். ஆயின் அதைத் தடுக்கும் வழி வெவ்வேறு. நஞ்சாதலைத் தடுக்க மருந்தைப் பூட்டிவைக்க வேண்டும். துண்டிலே எழுதிய அளவைத் திருத்தமாகப் படிக்க வேண்டும். பாதக விளைவைத் தடுக்கவோ, மருந்தையே மாற்றவேண்டும். அன்றேல் உட்கொள்வோரைக் கண்காணிக்கவேண்டும். ஆதலால் இவ்விரண்டையும் ஒரே பெயரால் அழைத்தல் கூடாது.

இரண்டாவது வினா காலத்தைப் பற்றியது. கேடு இப்பொழுது நிகழ்ந்துகொண்டிருக்கின்றதா, அன்றி நிகழ்ந்து தணிந்தபின் வடுவாக எஞ்சியிருக்கின்றதா? வடுவாக எஞ்சியிருப்பதைப் பின்விளைவு என்பர். பத்தாந் திருத்தத்தின்படி, பின்விளைவு என்று வைத்தியர் குறித்தவையும், மூல நிகழ்ச்சிக்குப் பின் ஓராண்டோ அதற்கு மேலோ நிலைத்திருப்பவையும் இவ்வகையில் அடங்கும்.

இப்போது குறியெண்களைப் பார்ப்போம். நுண்ணுயிர்க்கொல்லி மருந்துகளால் நஞ்சாதலுக்கு ரி 36 என்பது குறி. அதன் கீழே மருந்தினங்களுக்குத் தனித்தனி எண் உண்டு: பெனிசிலினுக்கு 0, கிளோராம்பெனிக்கோல் இனத்துக்கு 2, ரெற்றாசைக்கிளினுக்கு 4, ஸ்ரெப்ரோமைசின் இனத்துக்கு 5. ஆகவே ஸ்ரெப்ரோமைசின் நஞ்சாதல் ரி 36.5 ஆகும். அதன் பாதக விளைவோ வை 40.5 ஆகும். மருந்தினால் வரும் செவிட்டுத்தன்மைக்கு எச் 91.0 என்னும் தனிக் குறியெண் உண்டு. இனிப் பின்விளைவுக்கு வருவோம். மருந்துகளால் வந்த நஞ்சாதலின் பின்விளைவு ரி 96 எனவும், முறையான சிகிச்சையிலே வந்த பாதக விளைவின் பின்விளைவு வை 88.0 எனவும் குறிக்கப்படுகின்றன. நமது பெண்ணின் பதிவேட்டிலே எச் 91.0 என்பதனோடு வை 88.0 என்பதும் சேர்ந்தால், அவளது செவிடு மருந்தினால் வந்தது என்னும் உண்மை கணக்கிலே ஏறிவிடும்.

ஆயினும் இங்கே ஒரு குறை உண்டு. ரி 96 என்பதும் வை 88.0 என்பதும் எல்லா மருந்துகளுக்கும் பொதுவான பேழைகள். செவியைக் கெடுத்த ஸ்ரெப்ரோமைசினும் வேறெதையோ கெடுத்த வேறொரு மருந்தும் அப்பேழையில் ஒன்றாய்க் கலந்துவிடுகின்றன. மருந்து வடுச் செய்தது என்று தெரியும். எந்த மருந்து என்று அக்குறியெண் மாத்திரம் சொல்லாது.

அமெரிக்க ஐக்கிய நாடுகளில் 2015 ஆம் ஆண்டு ஒக்ரோபர் முதல் வழங்கிவரும் விரிவான பதிப்பு இக்குறையை வேறு வகையிலே தீர்க்க முயன்றுள்ளது. அங்கே இத்தகைய குறியெண் ஏழு இடங்கள் கொண்டது. ரி 36.5 எக்ஸ் 5 எஸ் என்பதை எடுத்துக்கொள்வோம். ரி 36.5 என்பது மருந்தின் இனம். எக்ஸ் என்பது வெற்றிடத்தை நிரப்பும் எழுத்து, அதற்குப் பொருளில்லை. அடுத்த 5 என்பது பாதக விளைவு. அவ்விடத்திலே 1 வந்தால் தற்செயலான நஞ்சாதல். 2 வந்தால் தானே வேண்டுமென்று உட்கொண்டது. 3 வந்தால் பிறர் கொடுத்துக் கெடுத்தது. 4 வந்தால் இன்னதென்று துணிய முடியாதது. 6 வந்தால் மருந்தைக் குறைத்து உண்டது. ஈற்றிலுள்ள எஸ் என்னும் எழுத்தே பின்விளைவு என்பதைத் தெரிவிப்பது. நோயாளியின் இப்போதைய குறையை முதலிலும் இந்தக் குறியெண்ணை அதன் பின்னும் எழுதுவது வழக்கு. இதற்குக் கால எல்லையும் இல்லை. முப்பது ஆண்டு சென்றாலும் எஸ் என்னும் எழுத்தை இடலாம். மருந்து, வழி, காலம் ஆகிய மூன்றும் ஒரே குறியில் அடங்கிவிடுகின்றன.

எனினும் அங்கும் முழு நிறைவு இருக்கவில்லை. சிப்ரோபுளொக்சசின் முதலிய புளோரோகுயினொலோன் மருந்துகள் 2025 ஆம் ஆண்டு வரை "ஏனைய நுண்ணுயிர்க்கொல்லிகள்" என்னும் 36.8 ஆம் பகுதியிலே பிறவற்றோடு கலந்து நின்றன. அவை தசைநாண்களைச் சிதைக்கலாம் என்று அமெரிக்க உணவு மருந்து நிருவாகம் 2008 இலும், நரம்புக் கேடு நிலைத்துவிடலாம் என்று 2013 இலும் எச்சரித்தது. அம்மருந்துகளுக்கென்றே தனியிடம் இல்லாதிருந்தவரையில், அவற்றால் நிலையான கேடுற்றோரைப் பதிவேட்டிலிருந்து பிரித்தெண்ணுதல் எளிதாக இருக்கவில்லை. பதினோராந் திருத்தம் நேர்ந்த தீங்கு, அதற்கு ஏதுவான பொருள், அது நிகழ்ந்த விதம் என்னும் மூன்றுக்கும் தனித்தனிக் குறியெண் இட்டு, மூன்றையும் ஒன்றாய்க் கோத்தெழுத இடந்தருகின்றது.

குறியெண் எவ்வளவு நுட்பமாயிருப்பினும், அதனை இடுபவர் பதிவு உத்தியோகத்தரே. வைத்தியர் எழுதியதைக் குறியெண்ணாக்குவதே அவரது கடமை. தாமாக ஊகித்து எழுத அவருக்கு உரிமையில்லை. "செவிடு, முன்பு ஸ்ரெப்ரோமைசின் பெற்றவர்" என்று வைத்தியர் எழுதினால் அது போதாது. "ஸ்ரெப்ரோமைசினால் வந்த செவிடு" என்று காரணத்தைத் துணிந்து எழுதினால்தான் இரண்டாவது குறியெண் பிறக்கும்.

இதிலே ஒரு தருமசங்கடமும் உண்டு. மூளையுறையிலே பற்றிய காசநோய் தானாகவே செவியைக் கெடுக்க வல்லது. அவ்வாறு நோயினாலேயே எஞ்சிய குறைக்குப் பி 90.0 என்று வேறொரு குறியெண் இருக்கின்றது. நமது பெண்ணின் செவியைக் கெடுத்தது நோயா, மருந்தா? பின்னாலே வந்தது எல்லாம் முன்னாலே நின்றதனால் வந்தது என்று சொல்லிவிட முடியாது. ஊசி தொடங்கும் முன் செவியைச் சோதித்து எழுதிவைத்திருந்தால் விடை கிடைக்கும். எழுதாதிருந்தால், தேர்ந்த வைத்தியரும் தயங்கவேண்டியதே. மருந்தின்மீது வீண்பழி சுமத்துதலும் தவறு. மருந்தின் குற்றத்தை மறைத்தலும் தவறு. இரண்டிலிருந்தும் காப்பது அன்றன்று எழுதிய குறிப்பொன்றே.

இவ்வாறு எழுதி எண்ணுவதால் விளைந்த நன்மை யாது? கிளோராம்பெனிக்கோலினால் என்பு மச்சை கெட்டவர்களின் விபரங்களைத் திரட்டி ஆராய்ந்த பின்னரே, 1952 ஆம் ஆண்டிலே அமெரிக்காவில் அம்மருந்தின் சிட்டையிலே எச்சரிக்கை பொறிக்கப்பட்டது. அண்மைக் காலத்து எடுத்துக்காட்டு இன்னும் தெளிவானது. பல மருந்துகளுக்கும் அடங்காத காசநோயை ஒடுக்க, ஸ்ரெப்ரோமைசினின் உறவான கனாமைசின் முதலியவற்றை நெடுநாள் ஊசியாகச் செலுத்தி வந்தனர். பிழைத்தவர்களுட் பலர் செவியை இழந்தனர். செவிச்சோதனை செய்து அவ்விழப்பைக் கணக்கிட்ட ஆய்வுகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. ஊசியின் பயனும் எதிர்பார்த்த அளவு இல்லை என்று தெரிந்தது. 2018 ஆம் ஆண்டிலே தென்னாபிரிக்கா ஊசிக்குப் பதிலாக பெடாகுயிலின் என்னும் குளிசையைக் கொடுக்க முற்பட்டது. அதே ஆண்டிலே உலக சுகாதார தாபனமும் கனாமைசினை அந்நோய்க்கு இனிக் கொடுக்க வேண்டாமென அறிவித்தது. செவியிழந்தவர்களின் கணக்கு, பின்னால் வந்தவர்களின் செவியைக் காத்தது.

பரம்பரையும் இதிலே பங்குகொள்வதாக 1993 ஆம் ஆண்டிலே கண்டறியப்பட்டது. கலங்களினுள்ளே இருக்கும் இழைமணியின் பரம்பரைப் பொருளிலே ஒரு சிறு மாற்றம் உடையோர், சொற்ப அளவு மருந்தினாலும் செவியை இழந்துவிடுகின்றனர். இம்மாற்றம் தாய்வழியே பிள்ளைகளுக்குச் செல்வது. ஆகவே நமது பெண்ணின் பதிவேடு அவளோடு முடிந்துவிடுவதன்று. அவளுடைய சகோதரருக்கும் பிள்ளைகளுக்கும் அவ்வூசியைச் செலுத்தும் முன் வைத்தியர் சிந்திக்கவேண்டுமென்று அது நினைவூட்டுகின்றது.

நம் நாட்டிலே அரசாங்க வைத்தியசாலைகளில் தங்கிச் சிகிச்சை பெறுவோரின் நோய்கள் இச்சர்வதேச வகைப்பாட்டைத் தழுவியே தொகுக்கப்பட்டு வந்துள்ளன. ஆயின் பின்விளைவு என்பது பெரும்பாலும் விடுதிக் கட்டிலிலே கிடப்பதன்று. அது வீட்டிலே இருந்து, என்றோ ஒரு நாள் கிளினிக்குக்கு வந்து போவது. விடுதிக் கணக்கு அதனைக் காணாது போதல் இயல்பே. ஆதலால் நோயாளியும் தம் பங்கைச் செய்தல் வேண்டும்.

அப்பங்கு பெரிதன்று. ஊசியோ குளிசையோ, மருந்தின் பெயரையும் பெற்ற காலத்தையும் அறிந்து வைத்திருங்கள். மருந்துத் துண்டையும் கிளினிக் புத்தகத்தையும் எறிந்துவிடாதீர்கள். சிகிச்சைக் காலத்திலே காதில் இரைச்சலோ, தலைச்சுற்றலோ, கேள்விக் குறைவோ கண்டால் அன்றே சொல்லுங்கள். பல ஆண்டு சென்று வேறொரு வைத்தியரிடம் போனாலும் பழைய கதையைச் சொல்லத் தயங்காதீர்கள். குடும்பத்தில் எவரேனும் ஊசிக்குப்பின் செவியிழந்தவர் இருந்தால் அதனையும் சொல்லுங்கள். இவற்றைக் கேட்டு மருந்துக்கு அஞ்சி, வைத்தியரைக் கேளாமல் அதை நிறுத்திவிடுவது பெருந்தவறு. அந்தச் சிறுமியை உயிரோடு வீட்டுக்கு அனுப்பியது அம்மருந்தே என்பதை மறத்தலாகாது.

அவளுக்கு இழந்த செவியை எந்தக் குறியெண்ணும் மீட்டுத் தராது. ஆனால் அவளுக்கு நேர்ந்தது இன்னதென்று உள்ளபடி எழுதிவைப்பது நம்மால் இயலும். அவ்வெழுத்தைப் படிக்கும் வைத்தியர் நாளை மற்றொரு சிறுமிக்கு ஊசி ஏற்றுமுன் அவளுடைய செவியைச் சோதிப்பார். இயலுமாயின் வேறு மருந்தைத் தேடுவார். அதற்காகவே அந்தச் சிறு குறியெண்.